நத்தைக்கு வந்த வாழ்வு

"காக்கா பிடிக்கிறதுக்கும் ஒரு அளவு இருக்கு. இந்தப் பொண்ணு நத்தையை வச்சே காக்கா பிடிச்சுட்டா" என்றார் நூலகர் அம்மா.

கேட்டுக்கொண்டிருந்தவர் காவலாளி. உயிரினக் காட்சியகத்தின் மாடி நூலகத்துக்கு அவர் மின்விசிறிக் காற்றுக்காக வந்தவர். ஆனாலும் மரியாதைக்குத் தலையை ஆட்டிவைத்தார்.

விஷயம் இதுதான். இயக்குநரின் வீட்டுக் கொல்லையில் கடுகு அளவில் ஒரு நத்தை கிடைத்திருந்தது. உலகத்தில் யாரும் இதுவரை பார்த்திராத இனம். அதைக் குப்பியில் கொண்டுவந்த இயக்குநர், நத்தை ஆராய்ச்சி செய்யும் தற்காலிக ஊழியப் பெண்ணிடம் கொடுத்து, கட்டுரையையும் நீயே எழுது, பேரையும் நீயே வை என்று சொல்லிவிட்டார்.

என்ன பெருந்தன்மை என்று காட்சியகமே மெச்சியது. நூலகர் அம்மா மட்டும் மெச்சவில்லை. புதிய உயிரினத்துக்குக் கண்டுபிடித்தவரின் பெயரை வைப்பது வழக்கம்தான். ஆனால் தன் பெயரைத் தானே வைத்துக்கொள்வது இந்தத் தொழிலில் வெட்கக்கேடு. இன்னொருவர் வைக்க வேண்டும்.

"அதான் பேனாவை அவ கையில குடுத்துட்டார்" என்றார் காவலாளியிடம்.

அந்தப் பெண்ணை எல்லோரும் நத்தைக்காரி என்றுதான் கூப்பிடுவார்கள். அவளுடைய வேலை வருஷக் கடைசியோடு முடிகிறது. அதை நிரந்தரமாக்கக் கையெழுத்துப் போட வேண்டியவர் இயக்குநர். நத்தைக்கு என்ன பெயர் வைப்பாள் என்று கண்டுபிடிக்க ஆராய்ச்சியா வேண்டும்? நகலெடுக்கும் இயந்திரத்தில் அவள் மறந்து விட்டுப்போன முதல் பிரதியை நூலகர் அம்மாவே பார்த்துவிட்டார். இயக்குநரின் குடும்பப் பெயர், லத்தீன் வழக்கப்படி வாலில் 'ஐ' என்ற ஆங்கில எழுத்தோடு, ஜம்மென்று உட்கார்ந்திருந்தது.

பெற்ற மகளைப் போல நினைத்திருந்த பெண். நேர்மையானவள் என்று ஊரெல்லாம் சொல்லித் திரிந்ததெல்லாம் வீணாய்ப் போயிற்றே என்று அவருக்கு மனசு ஆறவில்லை. அன்றிலிருந்து அவளிடம் முகம் கொடுத்துப் பேசுவதையே விட்டுவிட்டார்.

இயக்குநருக்கோ கால் தரையில் பாவவில்லை. ஓய்வு பெறப்போகிற வயசில் படிகளை இரண்டிரண்டாகத் தாண்டினார். பாடம் பண்ணி வைத்திருந்த கரடிக்குக் காலை வணக்கம் சொன்னார். மணிக்கொரு தரம் நூலகத்துக்குள் தலையை நீட்டி, கட்டுரை அச்சாகும் இதழ் வந்துவிட்டதா என்று கேட்டார். நத்தையின் படத்தைக் கதவு அகலத்துக்குப் பெரிதாக்கிச் சட்டம் போடச் சொல்லியிருக்கிறாராம். வீட்டுக் கூடத்தில் மாட்டுவதற்குச் சுவரைக்கூட அளந்தாயிற்றாம்.

"கடுகத்தனை நத்தைக்குக் கதவத்தனை படம். எல்லாம் தற்பெருமை" என்று நூலகர் அம்மா உதட்டைப் பிதுக்கினார்.

இதழ் வந்தது. உறையைக் கிழித்து, பக்கத்தைப் புரட்டி, பெயரைப் பார்த்தார். நினைத்தது சரிதான். ஆனால் வாலில் ஏதோ இடித்தது. 'ஐ' இருக்க வேண்டிய இடத்தில் 'ஏ', 'ஈ' என்று இரண்டு எழுத்துகள் நின்றன.

பேருந்துச் சீட்டில் பிழை இருந்தால்கூடத் திருத்திவிட்டுத்தான் இறங்குவார் அவர். திட்டுவதற்கு நியாயமான காரணம் ஒன்று கிடைத்துவிட்ட சந்தோஷத்தில், நத்தைக்காரியைக் கூப்பிட்டு அனுப்பினார்.

"ஒருத்தரைப் புகழ்றதுன்னு முடிவு பண்ணியாச்சு. அதையாவது பிழையில்லாமப் பண்ணக் கூடாதா?"

அவர் பென்சிலால் தட்டிக் காட்டிய எழுத்துகளை அவள் எட்டிப் பார்த்தாள்.

"பிழை இல்லை மேடம். லத்தீன்ல ஆம்பளை பேர்னா 'ஐ'. பொம்பளை பேர்னா இப்படித்தான் முடியும்."

நூலகர் அம்மாவின் பென்சில் நின்றது. முப்பது வருஷமாக அவர் அடுக்கிய பட்டியல்களில் தவளை, வண்டு, பாம்பு என்று மனிதர் பெயர் சுமந்தவை எல்லாமே ஆண்கள் பெயரைத்தான் சுமந்தன என்பது அப்போதுதான் அவருக்கு உறைத்தது.

"அந்தக் குடும்பப் பேர்ல பொம்பளைன்னா... அவர் வீட்டம்மாவா?"

"ஆமா மேடம். தண்ணித் தொட்டிக்குப் பின்னாடி பாசியைச் சுரண்டும்போது அவங்கதான் பார்த்துக் குப்பியில பிடிச்சிருக்காங்க."

நூலகர் அம்மாவுக்கு வந்ததே ஒரு குதூகலம். நாற்காலியைத் தள்ளிவிட்டு வந்து அவளைக் கட்டிக்கொண்டார். பட்ட வருத்தமெல்லாம் பஞ்சாய்ப் பறந்தது. அந்த மனுஷனுக்குச் சரியான பாடம், ரெண்டே எழுத்தில் மூக்கை அறுத்துவிட்டாய், வேலை போனால் போகட்டும், நீதான் என் பெண் என்று மூச்சுவிடாமல் சொன்னார். காவலாளியும் எதற்கென்று தெரியாமல் கை தட்டினார்.

நத்தைக்காரி மட்டும் சிரிக்கவில்லை. காது வரைக்கும் சிவந்துபோய் நின்றாள்.

"என்னைப் பாராட்டாதீங்க மேடம். பிடிச்சது யாருன்னு நான் கேட்கவே இல்லை. வேலைக்காகத்தான் அவர் பேரை வச்சேன். நீங்க நினைச்சது சரிதான்."

"அப்போ இதை மாத்தினது யாரு?"

அவள் கோப்பிலிருந்து முதல் பிரதியை எடுத்து நீட்டினாள். 'ஐ' சிவப்பு மையில் அடிக்கப்பட்டிருந்தது. ஓரத்தில் இயக்குநரின் கோழிக் கிறுக்கல்:

"பிடித்தது நான் இல்லையம்மா, என் மனைவி. இதழ் வந்ததும் அவளைத் திக்குமுக்காட வைக்கப் போகிறேன், அதுவரை மூச்சுவிடாதே. உன் வேலைக்குப் போன வாரமே கையெழுத்துப் போட்டாயிற்று. ஆகவே 'ஐ'யும் வேண்டாம், ஐஸும் வேண்டாம்."