ஒரு சாண்

கணினியின் வயரைப் பிடுங்கக் குனிந்த கோர்ட் அமீனா, அப்படியே நிமிர்ந்து அவனைப் பார்த்தார்.

"காண்ட்ராக்டர் சார், நீங்க காட்டுறதைத்தான் நான் ஜப்தி பண்ண முடியும். எடுக்கவா, வேண்டாமா?"

அவன் வாசலைத் திரும்பிப் பார்த்தான்.

நகராட்சி அலுவலகத்தின் நாற்காலிகள் ஏற்கெனவே வாசலில் நின்ற மினி லாரியில் கவிழ்ந்து கிடந்தன. இரண்டு பீரோ. ஆணையர் அறையின் மேசை. எல்லாம் பழசு. கோர்ட் அவனுக்குக் கொடுக்கச் சொன்ன தொகையில் வட்டிக்குக்கூடக் காணாது.

கார்தான் வேண்டும். ஆணையரின் புதுக் கார். அதில் கை வைத்தால் மாலைக்குள் காசோலை வந்துவிடும்.

காலையிலிருந்து காரைக் காணவில்லை. ஆணையரையும்.

"கார் எங்கம்மா?" என்று அமீனா முதலில் கேட்டபோது, பிறப்பு இறப்புப் பிரிவின் எழுத்தர் அமலோற்பவம் தலை நிமிராமல் சொன்னாள்: "எனக்கென்ன சார் தெரியும்? நான் என்ன டிரைவரா?"

யாரோ சிரித்தார்கள்.

சட்டைப் பையில் செல்பேசி அதிர்ந்தது. வக்கீல்.

"ஸ்டே வாங்க ஹைகோர்ட்டுக்கு ஓடியிருக்காங்க. ஆர்டர் வந்துட்டா அமீனா ஒரு துரும்பைத் தொட முடியாது. சீக்கிரம்யா!"

தடை வந்தால் இன்னும் எத்தனை வருடமோ. திங்கட்கிழமை வங்கிக்காரர்கள் வந்து அவன் வீட்டைப் பூட்டிச் சீல் வைப்பார்கள்.

மிச்சம் இருந்தது இந்தக் கணினி.

அதன் முன்னால் ஒரு பெண் நின்றிருந்தாள். தோளில் கைக்குழந்தை. குழந்தையின் உதடுகள் நீலம் பாரித்திருந்தன.

"விவரமெல்லாம் கம்ப்யூட்டர்ல ஏத்திட்டேன் சார்." அமலோற்பவம் இப்போது நிமிர்ந்தாள். "பிரிண்ட் மட்டுந்தான். ஆபரேஷனுக்குப் பிறப்புச் சான்றிதழ் கேக்கிறாங்களாம். இந்த நெட்டு வேற சுத்திக்கிட்டே இருக்கு."

திரையில் ஒரு சிறு வட்டம் சுழன்றது.

அந்தத் தாய் வயரைப் பிடித்திருந்த அமீனாவின் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

செல்பேசி மறுபடி அதிர்ந்தது.

காலையில் கோயில் வாசலில் அவன் வேண்டிக்கொண்டது ஒன்றுதான். என் காசு வரட்டும் தாயே. யார் வயிற்றிலும் அடிக்காமல் வரட்டும்.

வட்டம் சுழன்றது.

"விடுங்க சார்," என்றான். "பிரிண்ட் வரட்டும்."

செல்பேசியை அணைத்தான்.

எல்லோரும் நின்றார்கள். அமீனா ஒருமுறை கைக்கடிகாரத்தைப் பார்த்தார். அவன் பார்க்கவில்லை.

கடைசியில் பிரிண்டர் முனகியது. அமலோற்பவம் தாளில் முத்திரை குத்தினாள். ஊதி, மை காயவைத்துக் கொடுத்தாள்.

தாய் ஓடினாள்.

அமீனா வயரைப் பிடுங்கினார். கணினியைத் தூக்கிக்கொண்டு லாரிக்குப் போனார்.

அமலோற்பவம் எழுந்தாள். அவன் முகத்தைப் பார்க்கவில்லை. பின்பக்கச் சன்னலுக்குப் போனாள். காலையிலிருந்து சாத்தியே கிடந்த சன்னல்.

"என்னா புழுக்கம்," என்று சொல்லிக்கொண்டே கொக்கியை நீக்கித் திறந்தாள். தண்ணீர் பாட்டிலை எடுத்துக்கொண்டு வெளியே போனாள்.

சன்னலுக்கு வெளியே புதுச் சந்தைக் கட்டடம். அவன் கட்டியது. காசு வராதது.

அதன் கிடங்கின் ஷட்டரை இறக்கியிருந்தார்கள். ஆனால் அந்த ஷட்டர் ஒருநாளும் தரையைத் தொட்டதில்லை. ஒரு சாண் மேலேயே சிக்கி நின்றுவிடும். பாக்கி வந்ததும் சரிபண்ணித் தருகிறேன் என்று சொல்லியிருந்தான். பாக்கி வரவில்லை.

அந்த ஒரு சாணில் வெயில் சாய்ந்து விழுந்திருந்தது. வெயிலில் ஒரு டயர். புதுசு.

அமலோற்பவம் போன வழியை அவன் ஒருமுறை திரும்பிப் பார்த்தான்.

பிறகு சன்னலைச் சாத்தினான். கொக்கியை முன்பு இருந்தபடியே மாட்டினான்.

வாசலுக்கு வந்தான்.

"அமீனா சார், நான் கட்டின கிடங்கை நீங்க பாத்ததில்லையே? வாங்க, ஒரு எட்டு பாத்துட்டு வந்துடுவோம்."