சிமோனின் படத்துக்கு மாலை

இலங்கை மலையகத்தில், ஹட்டனுக்கு மேலே, தேயிலைத் தோட்டத்துத் துரை பங்களாவின் கூடத்தில் பிரெஞ்சுப் படப்பிடிப்பு நடக்கிறது. வெளியே பனி விலகவில்லை. உள்ளே பெரிய விளக்குகள் சூடாக எரிகின்றன. சுவரில் ஒரு வெள்ளைக்கார அம்மாளின் படம் மாட்டியிருக்கிறது. அந்த அம்மாளே வாசலில் நிற்கிறாள். அவள் பெயர் சிமோன்; இத்தனை வருடமும் சமையற்காரியாக, கன்னியாஸ்திரியாக, யாரோ ஒருவரின் அத்தையாகத் திரையின் ஓரத்தில் வந்து போனவள். இந்தப் படத்தில் துரையின் தாய் நீதான், மகனின் மடியில் நீ சாகும் காட்சி உனக்குத்தான் என்று சொல்லித்தான் இயக்குநர் அவளைக் கப்பலேற்றினார். அவருடைய முதல் படத்தில் நடிக்க யாரும் வராதபோது வந்தவள் அவள். சுவரில் இருப்பது போன வாரம் அவர் சிரிக்கச் சொல்லி எடுத்த படம். அப்போதே கதையை மாற்றியிருக்கிறார். கதை தொடங்கும்போதே தாய் செத்துப்போய்விட்டாள். சுவரில் அவள் படம் மட்டும் போதும். இதை இப்போதுதான் உதவியாளன் ஒருவன் அவளிடம் சொல்லியிருக்கிறான்.

வேலைக்காரியாக நடிக்கத் தோட்டத் தொழிலாளர் லயத்திலிருந்து வந்த அம்மாக்கண்ணு, கையில் சாமந்தி மாலையோடு படத்தையும் வாசலையும் மாறிமாறிப் பார்க்கிறாள்.

"உசுரோட நிக்கிறவங்க படத்துக்கு நான் எப்படிங்க மாலை போடுறது? என்னால ஆகாதுங்க."

"என்ன சொல்கிறாள்?" என்று சிமோன் கேட்கிறாள். மடத்துக் கன்னியரிடம் பிரெஞ்சு படித்த பெற்றீசியா டீச்சர், தரையைப் பார்த்தபடி மொழிபெயர்க்கிறாள்.

சிமோன் நடந்து வந்து, அம்மாக்கண்ணுவின் கையிலிருந்து மாலையை மெதுவாக வாங்குகிறாள். நாற்காலியில் ஏறித் தன் படத்துக்குத் தானே போடுகிறாள். இறங்கி, "சரியாக இருக்கிறதா?" என்று இயக்குநரைக் கேட்கிறாள்.

அவர் கேமராவின் மேல் குனிந்து எதையோ திருகிக்கொண்டே இருக்கிறார்.