முதுகு போதும்

“முகத்தையும் ஒரு ஷாட் எடுத்து வச்சுக்கலாமா மேடம்?”

படப்பிடிப்பின் கடைசி நாள், பாலாற்றுப் பாலத்தில் ஒளிப்பதிவாளர் அவளிடம் கேட்டார். அவள் இயக்கும் முதல் படம்.

வேண்டாம் என்றாள். முதுகு போதும்.

கணவனின் அடி பொறுக்காமல் வீட்டை விட்டு இறங்கிய கதாநாயகி, ஒரு வார்த்தையும் பேசாமல் பாலத்தில் நடந்து போகிறாள். படம் அங்கே முடிகிறது.

நான்கு மாதம் கழித்து, டப்பிங் தியேட்டரில் அந்த முதுகு திரும்பத் திரும்ப ஓடிக்கொண்டிருந்தது.

தயாரிப்பாளர் ரத்தினசாமி சோபாவின் நுனியில் இருந்தார். விநியோகஸ்தர்களுக்கு முடிவு பிடிக்கவில்லையாம். குடும்பத்தோடு வருகிறவர்கள் முகம் சுளிப்பார்களாம். ஒரே ஒரு வசனம் சேர்த்தால் சரியாகிவிடும் என்றார். அவரே எழுதிக் கொண்டுவந்திருந்தார்.

‘கோவம் தணிஞ்சதும் வந்துடுறேங்க.’

“உதடுதான் தெரியலையே. என்ன வேணா பேச வைக்கலாம்.”

மூன்று நாளாக மன்றாடிப் பார்த்துவிட்டாள். முடிவை மாற்றும் உரிமை அவருக்கு என்று ஒப்பந்தத்தில் இருந்தது. கீழே கையெழுத்து அவளுடையது.

வெள்ளிக்கிழமை படம் வெளியாகிறது.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம், மைக் முன்னால் தமயந்தி. பாலத்தில் நடந்த புது நடிகை. படம் முழுக்கச் சொந்தக் குரலில் பேசியிருந்தாள். வேறு யார் குரலும் இனி ஒட்டாது.

அடுத்த படத்திலும் நீதான் கதாநாயகி என்று ரத்தினசாமி காலையில்தான் தமயந்தியிடம் சொல்லியிருந்தார்.

முதல் டேக். குரல் எழும்பவில்லை.

இரண்டாவது. மூச்சு மட்டும் பதிவானது.

மூன்றாவதில் அதுவும் இல்லை.

ரத்தினசாமி இயக்குநரின் பக்கம் திரும்பினார்.

“நீ சொன்னாத்தான் கேப்பா. சொல்லும்மா.”

ஒலிப்பதிவாளர், உள்ளே இருப்பவரிடம் பேசும் மைக்கை அவள் பக்கம் தள்ளி வைத்தார்.

இதுவரை ஒவ்வொரு வசனத்தையும் தமயந்திக்கு அவள்தான் சொல்லிக் கொடுத்திருந்தாள். எங்கே நிறுத்த வேண்டும், எந்தச் சொல்லை விழுங்க வேண்டும், எல்லாம். தமயந்தி ஒருமுறையும் மறுத்ததில்லை.

இயக்குநர் மைக்கின் பொத்தானை அழுத்தினாள்.

“உனக்கு எப்படி வருதோ, அப்படியே செய்ம்மா.”

ரத்தினசாமி தலையாட்டினார்.

தமயந்தி கண்ணாடி வழியாக அவளையே பார்த்தாள்.

பிறகு ஹெட்போனைக் கழற்றி ஸ்டாண்டில் மாட்டினாள். நாற்காலியிலிருந்து கைப்பையை எடுத்தாள்.

ரத்தினசாமி எழுந்து நின்றார்.

கனத்த கதவை இரண்டு கைகளாலும் இழுத்துத் திறந்து, யாரிடமும் எதுவும் சொல்லாமல், தமயந்தி வெளியே போனாள்.