மாவுக்கட்டு இல்லாத கால்

கட்டின புருஷனைப் பற்றி ஒரு மனைவி இப்படியா பேசுவாள்?

மூன்றாவது மாடி டீச்சருக்கு மனசே ஆறவில்லை.

கீழ் வீட்டு 'ஃப்யூஸ் அண்ணன்' ஓய்வு பெற்ற எலெக்ட்ரீஷியன். அந்தக் கட்டிடத்தில் ஸ்விட்ச் கருகினாலும் சரி, மோட்டார் மக்கர் பண்ணினாலும் சரி, எல்லாரும் போய் நிற்பது அவர் வாசலில்தான். டெஸ்டரைச் சட்டைப்பையில் செருகிக்கொண்டு உடனே கிளம்பிவிடுவார். ஒரு டீ கொடுத்தால் அதுவே அதிகம் என்பார்.

அப்பேர்ப்பட்டவரைப் பற்றித்தான் அவர் மனைவி வீடு வீடாகச் சொல்லிவிட்டுப் போயிருந்தாள். அவருக்கு முன்னே மாதிரி வேலை ஓடவில்லையாம். கை நடுங்குகிறதாம். வயரை மாற்றி மாட்டிவிடுகிறாராம். அவர் போட்டுக்கொடுத்த ஸ்விட்சைத் தொட்டு அவளுக்கே ஷாக் அடித்ததாம். உயிர் மேல் ஆசை இருந்தால் வெளியாளைக் கூப்பிட்டுக்கொள்ளுங்கள் என்று ஒரே போடாகப் போட்டுவிட்டாள்.

அன்றிலிருந்து அந்த வீட்டு பெல்லை யாரும் அழுத்துவதில்லை. பாவம் மனுஷன், இப்படி ஒரு பெண்டாட்டி வாய்த்தாளே என்று கட்டிடமே உச்சுக்கொட்டியது. உச்சுக்கொட்டியதோடு சரி.

டீச்சர் அப்படி விட்டுவிடுகிற ஆள் இல்லை. நாலு வார்த்தை நறுக்கென்று கேட்டுவிட்டு வருவது என்று ஞாயிற்றுக்கிழமை காலையில் இறங்கி வந்தாள். கையோடு ஒரு பை. பைக்குள் அயர்ன் பாக்ஸ். கடையில் கொடுத்து வாங்கியும் சூடு ஏறவில்லை. அதற்குப் பிறகுதான் டீச்சருக்கு அண்ணன் மேல் இரக்கம் ரொம்பவே பெருகியிருந்தது.

பெல் அடித்ததும் மனைவிதான் வந்தாள். வெளியே வந்து, கதவைப் பின்னால் சாத்திக்கொண்டாள்.

"ஏன் அக்கா, புருஷன் பேரை நீங்களே கெடுக்கலாமா? அவருக்குத் தெரிஞ்சா மனசு உடைஞ்சு போயிடாதா?"

"கால் உடைஞ்சு கிடக்கு டீச்சர். மனசை அப்புறம் பாத்துக்கலாம்."

டீச்சர் விழித்தாள். முட்டி வலி என்று முன்பு ஏதோ காதில் விழுந்தது அவளுக்கு ஞாபகம்.

ஏற்கெனவே சொன்ன கதையையே அந்த அம்மாள் நிதானமாக மறுபடியும் சொன்னாள். ஸ்டூலிலிருந்து இறங்கிக் காலை ஊன்றினார், அவ்வளவுதான். விழவில்லை, இடித்துக்கொள்ளவில்லை. முட்டியில் சுருக்கென்றது. எக்ஸ்ரேயில் ஒன்றும் தெரியவில்லை. ஆனால் வலி தூங்கவிடவில்லை. ஸ்கேன் எடுத்த பிறகுதான் முட்டி எலும்பில் மயிரிழை மாதிரி ஒரு விரிசல் இருப்பது தெரிந்தது. வீசிங்குக்காக வருஷக்கணக்கில் விழுங்கிய மாத்திரை எலும்பை இளைக்க வைத்துவிட்டதாம். காலை ஊன்றாமல் இருந்தால் தானாகக் கூடிவிடும், ஊன்றி நடந்தால் எலும்பு உள்ளே அமுங்கிவிடும், அப்புறம் முட்டியையே மாற்ற வேண்டியதுதான் என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். மாவுக்கட்டு கிடையாது. ஒரு வாக்கர் மட்டும்தான்.

"இதை அப்பவே எல்லார்கிட்டயும் சொன்னேன். நீங்க என்ன சொன்னீங்க?"

டீச்சருக்கு இப்போது எல்லாமே ஞாபகம் வந்தது. விழாமல் எப்படி எலும்பு விரியும், மாவுக்கட்டுகூடப் போடவில்லையே, வயசானால் வருகிற பிடிப்புதான், நடந்தால் சரியாகிவிடும் என்று சொன்னவளே அவள்தான். சொன்னதோடு விட்டாளா? ஒரு நிமிஷ வேலை என்று சொல்லி, இதே அயர்ன் பாக்ஸுக்காக அவரை மூன்றாவது மாடிக்கும் வரவழைத்தாள்.

"உட்கார்ந்தே பாக்கறேன்னுதான் ஆரம்பிப்பார். அப்புறம் பிளக் பாயின்ட்லதான் கோளாறுன்னு வாக்கரை ஓரமா வச்சுட்டு மாடி ஏறிடுவார். அவருக்கு முடியாதுன்னு சொல்ல வராது. உங்களுக்கெல்லாம் கேக்காம இருக்க வராது." அந்த அம்மாள் குரலில் கோபம்கூட இல்லை. "எலும்பு விரிஞ்சிருக்குன்னு நிஜத்தைச் சொன்னேன், ஒருத்தரும் நம்பல. வேலை மறந்து போச்சுன்னு பொய் சொன்னேன், அன்னிக்கே நம்பிட்டீங்க."

டீச்சருக்கு வெட்கமாக இருந்தது.

உள்ளேயிருந்து குரல் வந்தது. "யாரு, டீச்சரா? உள்ள வாங்க."

மனைவி வேறு வழியில்லாமல் கதவைத் திறந்தாள். அண்ணன் கட்டிலில் ஒரு காலைத் தலையணை மேல் நீட்டி உட்கார்ந்திருந்தார். டெஸ்டர் இன்னும் சட்டைப்பையில்தான் இருந்தது. டீச்சரைப் பார்த்ததும் முகமெல்லாம் சிரிப்பு.

"நம்ம கட்டிடத்து ஜனங்க மாதிரி வராது டீச்சர். என் காலை நினைச்சு ஒருத்தர்கூட பெல் அடிக்கல பாருங்க. எவ்வளவு நல்ல மனசு."

டீச்சரால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

"ஆமா, உங்க அயர்ன் பாக்ஸ் எப்படி இருக்கு? அந்த பிளக் பாயின்ட்ல எனக்கு அப்பவே ஒரு சந்தேகம். இப்பவே வந்து பாத்துடட்டுமா?" அண்ணன் தலையணையிலிருந்து காலை மெல்லக் கீழே இறக்கப் பார்த்தார்.

டீச்சர் சட்டென்று பையை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனாள்.

"நல்லா சூடேறுது அண்ணே," என்றாள்.