கஸ்பாரின் வாசற்படி

காலநிலை விஞ்ஞானி பூரணி வருடத்துக்கு ஒருமுறை அந்தக் கரைக்கு வந்து, மீனவர் கஸ்பாரின் வாசற்படியிலிருந்து கடல் எவ்வளவு தூரம் என்று நாடா பிடித்து அளப்பாள். முதல் வருடம் நாற்பத்தொரு மீட்டர். போன வருடம் ஆறு. அளந்து முடித்ததும் கஸ்பார், "உள்ள வாங்கம்மா, ஒரு வாய் தண்ணி குடிச்சிட்டுப் போங்க" என்பார். அடுத்த ஊருக்கு நேரமாகிவிட்டது என்று அவள் ஒருமுறைகூட உள்ளே போனதில்லை. இந்த வருடம் வீடு இல்லை. கஸ்பார் நாடாவின் நுனியைப் பிடித்துக்கொண்டு கடலுக்குள் நடந்தார். இடுப்பளவு தண்ணீரில் காலால் துழாவி, நின்றார். "படி இங்கதாம்மா." பதினான்கு மீட்டர். குறிப்பேட்டில் எண்ணுக்கு முன்னால் முதல்முறையாகக் கழித்தல் குறி போட்டாள். கஸ்பார் சற்று விலகி வழிவிட்டார். "உள்ள வாங்கம்மா." பூரணி செருப்பைக் கழற்றி மணலில் விட்டாள்.