யார் கேட்கலாம்?

கோர்ட்டில் டவாலி தங்கச்சாமியின் பெயரைக் கூப்பிட்டதும் முத்துத்தாய் நிமிர்ந்து பார்த்தாள்.

ஜெயித்த மனுஷன் மறுபடி எதற்கு மனுப் போட வேண்டும்? மிச்சமிருப்பதையும் பிடுங்கத்தானே?

அவள் நிலத்துக்கும் அவர் நிலத்துக்கும் நடுவில் கிடந்த ஒரு துண்டுக் கரிசலுக்காக வருஷக்கணக்கில் வழக்கு நடந்தது. எல்லைக்கல் எங்கே போனதென்று யாருக்கும் தெரியவில்லை. தை மாதம், அது அவருடையதுதான் என்று தீர்ப்பாகிவிட்டது.

அவளுக்கு அது வெறும் மண் இல்லை, பாதை. அதைத் தாண்டினால்தான் ஆடுகள் கண்மாய்க்கு இறங்க முடியும். இப்போது அங்கே வேலி நிற்கிறது. எட்டயபுரம் சந்தை யாவாரி விலை பேச வந்து ஆடுகளின் முதுகைத் தடவிப் பார்த்துவிட்டுப் போயிருந்தான்.

தீர்ப்பு வந்த அன்றே தன் வக்கீல் ஜெயகிருஷ்ணனிடம் அழுது பார்த்தாள், இதே நீதிபதி அம்மாவை இன்னொரு தடவை பார்க்கச் சொல்லுங்கள் என்று. அவர் கையை விரித்துவிட்டார்.

"தோத்துட்டோம்னு அதே கோர்ட்டுல மறுபடி கேக்க முடியாதும்மா. தீர்ப்புல பளிச்சுனு தெரியுத தப்பு இருக்கணும். இல்லேன்னா, அப்பக் கைக்குக் கெடைக்காத சாட்சியம் புதுசா எதுவும் கெடைக்கணும்."

மேல்கோர்ட்டுக்கு ஏற அவளிடம் தெம்பில்லை.

அவளுக்கு அடைத்த கதவு அவருக்கு மட்டும் எப்படித் திறந்தது? வசதியுள்ளவனுக்கு ஒரு சட்டம், ஆடு மேய்க்கிறவளுக்கு ஒரு சட்டம். கோர்ட் அமீனா கொண்டுவந்து கொடுத்த நோட்டீஸை யாரிடமாவது படித்துக் காட்டச் சொல்லக்கூடத் துணிச்சல் வரவில்லை. மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு ஒற்றையாக பஸ் ஏறி வந்துவிட்டாள்.

தங்கச்சாமி வக்கீல் இல்லாமல் தானே போய் முன்னால் நின்றார்.

"கோடைக்குப் பூமி வெடிச்சதுல சர்வே கல்லு தெரியுதும்மா. எம் பிஞ்சையில, வேலிக்கு நல்லா உள்ள தள்ளி. அசைக்கல, ஓலைக் கடவாப்பெட்டியக் கவுத்து மூடி வச்சுட்டு வந்திருக்கேன். நான் போட்ட வேலி தப்பு. அந்தத் துண்டு முத்துத்தாயிக்குச் சேர வேண்டியது."

கேஸ் கட்டைப் புரட்டிக்கொண்டிருந்த வக்கீல்களெல்லாம் தலையைத் தூக்கினார்கள். நீதிபதி பேனாவைக் கீழே வைத்தார்.

முத்துத்தாய்க்குக் காதில் விழுந்தது, மனசுக்கு எட்ட நேரமாயிற்று. அந்தக் கல்லை அவரைத் தவிர வேறு யாரும் பார்க்கவில்லை. ஒரு மழை போதும், வெடிப்பு மூடிக் கல் மறுபடி மண்ணுக்குள் போயிருக்கும். அவர் பேசாமல் வீட்டில் இருந்திருந்தாலே போதும். இப்படியும் ஒரு மனுஷன் இருப்பானா என்று அவளுக்கு உடம்பெல்லாம் புல்லரித்தது.

சட்டம் அவருக்கும் கையைத்தான் விரித்தது. தீர்ப்பால் பாதிக்கப்பட்டவர்தான் சீராய்வு கேட்க முடியும், ஜெயித்த நீங்கள் கேட்க முடியாது, உங்கள் மனுவை நான் ஏற்க வழியில்லை என்றார் நீதிபதி. அந்த அம்மா கேட்டால் பார்க்கலாம் என்று சொல்லும்போது மட்டும் அவர் குரல் கொஞ்சம் தணிந்திருந்தது.

தங்கச்சாமி திரும்பினார். வழக்கு நடந்த காலமெல்லாம் அவள் எதிரே வந்தால் வேறு பக்கம் பார்த்துக்கொண்டு போனவர்.

"தாயி, நீ கேளு. நான் சாட்சி சொல்லுதேன்."

கெஞ்சுகிற மாதிரி இருந்தது.

முத்துத்தாய் எழுந்தாள். கை தானாகக் குவிந்தது, அவரைப் பார்த்து. டவாலி பதறிப்போய், கும்பிட வேண்டியது அங்கே என்று மேடையைக் கண்ணால் காட்டினார். அவள் திரும்பவில்லை.

"கேக்குதேன் அண்ணாச்சி."

நீதிபதி அதைத் தன்னிடம் சொன்னதாகவே எழுதிக்கொண்டார்.