தண்டச் செலவு

ரயில்வே ஆபீசில் கிராணியாக எழுத்து வேலை பார்த்த நமசிவாயம், வட்டிக்கடைச் செட்டியாரிடம் கடன் வாங்கி, 'பிள்ளைகள் சிக்கனப் பாடம்' என்று தாம் எழுதிய புத்தகத்தை ஐந்நூறு பிரதி அச்சடித்தார். ஆறு மாதமாகியும் ஒன்றுகூட விற்கவில்லை. புத்தக மூட்டை கட்டிலுக்கடியில் கிடந்தது.

அன்று காலை அடுப்படியில் புதுப் பித்தளைக் குடத்தைக் கண்டதும் அவருக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"எதுக்குடி இந்தத் தண்டச் செலவு? ஊருக்கே சிக்கனம் சொல்றேன், என் பொண்டாட்டி மண்டையில ஏறலையே!"

மனைவி கனகம் குடத்தை எடுத்துக்கொண்டு தண்ணீர் பிடிக்கப் போனாள்.

பத்துப் பிரதிகளை எடுத்துக்கொண்டு, தாமே விற்றுவிடுவதென்று ரயில்வே கூலிகள் வரிசை வீடுகளில் குடியிருந்த பிரிக்பீல்ட்ஸ் லயத்துக்குப் புறப்பட்டார். முதல் வீட்டு வாசலில் அந்த வீட்டுக்காரி மாரியாயியின் மகள் நின்றிருந்தாள்.

"சிக்கனம்னா என்னன்னு தெரியுமா பாப்பா?"

அவள் அவருடைய புத்தகத்தின் மூன்றாம் பாடத்தை மூச்சு விடாமல் ஒப்பித்தாள். பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் ஓடிவந்து நான்காம் பாடத்தைத் தொடர்ந்தார்கள். கிராணிக்கு ஒன்றும் விளங்கவில்லை. சத்தம் கேட்டு மாரியாயி வெளியே வந்தாள்.

"மாரியாயி, என் புத்தகத்தை எந்தக் கடையில வாங்கினே?"

"வாங்கறதா? 'ஒருநாள் தேவைக்கு ஒருபோதும் வாங்காதே'ன்னு நீங்கதானே எழுதியிருக்கீங்க! வாரம் ஒரு காசு வாடகைக்கு எடுக்கறோம். பக்கம் கிழிஞ்சா ரெண்டு காசு தண்டம். லயம் முழுக்க அப்படித்தான்."

"யாருகிட்ட?"

"ஒங்க வீட்டம்மாகிட்டதாங்க. ஐயா கையில காசு தங்காது, அவர்கிட்ட மட்டும் சொல்லிடாதீங்கன்னு... அடக்கடவுளே, சொல்லிட்டேனே!"